ஒரிஜினல் பிரிண்ட்

2024 ஏப்ரலில் ‘கில்லி’யை மறுபடியும் தியேட்டர்களில் போட்டார்கள். மதுரையில் படிக்கும் மகள் போன் செய்தாள். "டிக்கெட் போட்டாச்சுப்பா, சனிக்கிழமை வந்துருங்க." கோவில்பட்டியிலிருந்து பஸ் ஏறிப் போனேன். படம் வந்த வருஷம் அவள் பிறக்கவே இல்லை. அவளைச் சுற்றி உட்கார்ந்திருந்த பாதிப் பேரும் அப்படித்தான்.

விஜய்க்கு விசில் பறந்தது, சரி, அது தெரிந்ததுதான். ஆனால் வில்லன் முத்துப்பாண்டியாக வரும் பிரகாஷ்ராஜ் ‘செல்லம்’ என்று வாயைத் திறந்தபோது எழுந்த சத்தம் இருக்கிறதே, அதை நான் எதிர்பார்க்கவில்லை. பக்கத்து சீட்டுப் பையன் அந்த ஆளுக்கு அரை நொடி முன்னாலேயே வசனத்தைச் சொல்லி முடித்துவிடுகிறான். கதாநாயகியைத் தூக்கிக்கொண்டு போகும் ஒரு வில்லனை இருபது வருஷம் கழித்தும் பிள்ளைகள் இப்படிக் கொஞ்சுவார்கள் என்று யார் நினைத்தது?

இடைவேளையில் மகள் கேட்டாள். "நம்ம கடையில இந்தப் படம் எத்தனை தடவை வாடகைக்குப் போயிருக்கும்பா?"

"போயிருக்கும், நெறைய" என்று சொல்லிவிட்டு டீ வாங்கப் போய்விட்டேன். சரியான எண்ணிக்கை அப்போது பரணில் கிடந்த நோட்டில் இருந்தது. அதே நோட்டில் வேறு சில எண்களும் இருந்தன. அவற்றை நினைத்துத்தான் நழுவினேன்.

1996 முதல் 2010 வரை கோவில்பட்டி பஸ் ஸ்டாண்டுப் பக்கம் வீடியோ கடை வைத்திருந்தேன். முதலில் கேசட்டும் டெக்கும் வாடகைக்கு, அப்புறம் விசிடி, கடைசி நாலைந்து வருஷம் டிவிடி. படத்துக்கு ஒரு நாள் வாடகை பத்து ரூபாய். எல்லாம் ஒரு நீள நோட்டில் வரவு வைப்பேன்: தேதி, படம், எடுத்துப் போனவர், திரும்பி வந்த நாள். வாங்கிப் போகிறவர்களுக்கு நான் அண்ணாச்சி. கீறல் விழுந்த தட்டைப் பற்பசை போட்டுத் துடைத்து ஓடவைக்கும் வித்தையும் கைவசம் இருந்தது. பத்துத் தட்டில் ஆறு ஓடும்.

கடை திறந்தபோது அலமாரியில் இருந்த கேசட்டுகளில் ஒன்று ‘ஆசை’. அஜித் படம் என்றுதான் கேட்டு வாங்கிப் போவார்கள். திருப்பிக் கொடுக்கும்போது அந்த ராணுவ மேஜரைப் பற்றித்தான் பேச்சு. மனைவியின் தங்கை மேல் ஆசைப்பட்டு மனைவியையே கொல்கிற ஆள். அதுவரை நம் சினிமா வில்லன்கள் வரும்போதே தெரியும். கண்ணை உருட்டுவார்கள், கூடவே நாலு அடியாள் நிற்பான். இந்த ஆள் சிரித்த முகமாக வீட்டுக்குள் நடமாடுகிறான், எல்லோரிடமும் மரியாதையாகப் பேசுகிறான். எங்கள் தெரு அக்கா ஒருவர் கேசட்டைத் திருப்பிக் கொடுக்கும்போது, "அண்ணாச்சி, இந்த மூஞ்சி இருக்கிற படம் இனிமே எனக்குத் தராதீங்க, ராத்திரி தூக்கமே வரலை" என்றார். ஒரு நடிகருக்கு இதைவிடப் பெரிய சான்றிதழ் எங்கே கிடைக்கும்?

அந்த முகம் பெங்களூரிலிருந்து வந்தது. கன்னட மேடையில் நடித்துத் தேறிய பிரகாஷ் ராய். கன்னடப் படத்தில் உடன் நடித்த கீதாதான் கே. பாலசந்தரிடம் இவரைப் பற்றிச் சொன்னார். 1994-ல் ‘டூயட்’. ராய், ராஜ் ஆனார். பின்னாளில் சொந்தமாகப் படம் எடுக்க ஆரம்பித்தபோது கம்பெனிக்கு அந்த முதல் தமிழ்ப் படத்தின் பெயரையே வைத்தார்: டூயட் மூவீஸ். பாலசந்தர் கடைசியாக இயக்கிய ‘பொய்’ படத்தைத் தயாரித்ததும் இவர்தான். 2006-ல் வந்தது. படம் எனக்குச் சுத்தமாகப் பிடிக்கவில்லை. என் கடையில் நாலு பேர்கூட எடுக்கவில்லை. ஓடாது என்று அவருக்கும் தெரிந்திருக்கும் என்றுதான் நினைக்கிறேன். அறிமுகப்படுத்தியவருக்குக் கைம்மாறு செய்கிறபோது யார் லாபக் கணக்குப் பார்ப்பார்கள்?

‘இருவர்’ 1997-ல் வந்து தியேட்டரில் படுத்தது. இவருக்குச் சிறந்த துணை நடிகருக்கான தேசிய விருது கிடைத்தது. என் கடையில் அந்தக் கேசட் தூசி தின்றுகொண்டிருந்தது, ஒரே ஒருவரைத் தவிர. ஓய்வுபெற்ற கணக்கு வாத்தியார் ஒருவர் இரண்டு வருஷத்தில் பதினோரு தடவை எடுத்துப்போனார். "மோகன்லால் நடிக்கிற மாதிரியே தெரியலை, இவன் நடிக்கிறது தெரியுது. ஆனா அந்த ஆளுக்கு அதுதான் பொருத்தம், மேடையிலேயே வாழ்ந்தவன்ல?" என்றார். அதற்கப்புறம்தான் நானும் படத்தைச் சரியாகப் பார்த்தேன். வாத்தியார் சொன்னது சரி. பிரகாஷ்ராஜ் செய்த அந்த அரசியல்வாதி தமிழ்ச்செல்வன் தனியாக இருக்கும்போதுகூட முன்னால் ஒரு கூட்டம் நிற்கிற மாதிரிதான் பேசுகிறான். தமிழைத் தாய்மொழியாகக் கொள்ளாத ஒருவர் சொந்தக் குரலில் அப்படிப் பேசியது இன்றைக்கும் ஆச்சரியம்தான்.

இனி 2004-க்கு வருகிறேன்.

அந்த வருஷம் ஏப்ரலில் ‘கில்லி’. தெலுங்கு ‘ஒக்கடு’வில் கர்நூல்காரராகச் செய்த அதே வேடத்தைத் தமிழில் மதுரைக்காரராகச் செய்தார். எத்தனையோ வில்லன்கள் கதாநாயகியைத் துரத்தியிருக்கிறார்கள். ஆனால் முத்துப்பாண்டி தன்னை வில்லன் என்று நினைக்கவே இல்லை. அவன் கணக்கில் அது காதல் கதை, கதாநாயகன் அவன்தான், நடுவில் எவனோ ஒருவன் வந்து கெடுத்துவிட்டான். அதனால்தான் அவன் அழும்போது நமக்குச் சிரிப்பும் வருகிறது, லேசாகப் பாவமாகவும் இருக்கிறது. அதே வருஷம் ‘வசூல்ராஜா’வில், கோபம் வந்தால் சிரிக்கிற மருத்துவக் கல்லூரி டீன்.

அதே 2004-ல்தான் அவர் தயாரித்து ராதாமோகன் என்ற புது இயக்குநரின் ‘அழகிய தீயே’ வந்தது. பிரசன்னா, நவ்யா நாயர். சண்டை கிடையாது. மேன்ஷனில் கஷ்டப்படும் சினிமாக்காரப் பையன்கள், கட்டாயக் கல்யாணத்திலிருந்து தப்பிக்கப் பார்க்கும் ஒரு பெண், அவளுக்காகச் சொல்லப்போய் மாட்டிக்கொள்ளும் ஒரு பொய். விஜியின் வசனம். ‘கில்லி’யில் கதாநாயகியைத் துரத்திய அதே ஆள் இந்தப் பக்கம் இப்படி ஒரு படத்துக்குப் பணம் போட்டிருக்கிறார் என்று என் வாடிக்கையாளர்கள் யாருக்கும் தெரியாது. அட்டையில் தயாரிப்பாளர் பெயரை யார் படிக்கிறார்கள்?

நோட்டு சொல்லும் கணக்கு இது. ‘கில்லி’ முதல் மூன்று மாதம் ஒரு நாள்கூட அலமாரியில் இருந்ததில்லை, அப்புறம் அடங்கிவிட்டது. ‘அழகிய தீயே’ ஆரம்பத்தில் வாரத்துக்கு ஒன்று. ஆனால் நிற்கவே இல்லை. அடுத்த வருஷம், அதற்கடுத்த வருஷம், வாரத்துக்கு ஒன்று, இரண்டு. ஒருவர் பார்த்துவிட்டு இன்னொருவரை அனுப்புவார். மூன்று தடவை தட்டு மாற்றியிருக்கிறேன்.

தட்டு மாற்றினேன் என்றேனே, அது எங்கிருந்து வந்தது என்று சொல்ல வேண்டும். அன்றைக்குப் புதுப்படத்துக்கு எங்களிடம் இரண்டு வகை. ஒன்று ‘தியேட்டர் பிரிண்ட்’. கேமராவை மறைத்து வைத்து எடுத்தது. நடுவில் எவனாவது எழுந்து போவான், அவன் தலை தெரியும். இன்னொன்று ‘ஒரிஜினல் பிரிண்ட்’. வெளிநாட்டில் விற்பனைக்கு வரும் டிவிடியை வாங்கி இங்கே நகல் எடுப்பது. படம் பளிச்சென்று இருக்கும். அதற்குப் பெயர் ஒரிஜினல்! இரண்டுமே திருட்டு. மதுரைக்குப் போய்ப் பையில் வாங்கி வருவேன். 2004-ல் திருட்டு விசிடியையும் குண்டர் சட்டத்துக்குள் கொண்டுவந்தார்கள். அதற்கப்புறம் புதுத் தட்டுகள் கடையில் இருக்காது, வீட்டில் அரிசி டிரம்முக்குள் இருக்கும். தெரிந்தவர்கள் வந்து கேட்டால் பையனை அனுப்பி எடுத்துவரச் சொல்வேன். இரண்டு முறை வந்து சோதனை போட்டார்கள், ஒன்றும் கிடைக்கவில்லை. அப்போது அதைப் பெருமையாகச் சொல்லிக்கொண்டு திரிந்தேன்.

பெரிய படத்துக்கு இதனால் நஷ்டம் என்றாலும், முதல் வாரத்திலேயே கொஞ்சமாவது எடுத்துவிடுவார்கள். சின்னப் படம் அப்படி இல்லை. ஒருவர் பார்த்து இன்னொருவருக்குச் சொல்லி, மூன்றாவது வாரம்தான் கூட்டம் சேரும். அந்த மூன்றாவது வாரத்துக்குள் தட்டு என் அரிசி டிரம்முக்கு வந்துவிடும். சொல்லிக் கேட்டு வருகிறவர் தியேட்டருக்குப் போகாமல் என்னிடம்தான் வருவார்.

2005-ல் ‘கண்ட நாள் முதல்’. வி. பிரியா இயக்கியது. பிரசன்னாவும் லைலாவும் சண்டை போட்டுக்கொண்டே இருப்பார்கள். கல்லூரிப் பிள்ளைகள் விரும்பி எடுத்த படம். சீக்கிரம் கடந்துவிடுகிறேன், ஏனென்றால் ‘மொழி’ காத்திருக்கிறது.

2007 ஜனவரியில் ‘போக்கிரி’யில் அலிபாய். பிப்ரவரியில் ‘மொழி’யில் கதாநாயகனின் நண்பன். ஒரே மாத இடைவெளியில் ஒரே முகம். அலிபாய்க்குக் கொடுத்த சம்பளம்தான் ‘மொழி’க்குச் சோறு போட்டது என்று வேடிக்கையாகச் சொல்வேன். நிஜத்திலும் அப்படித்தான் இருந்திருக்க வேண்டும். ஹைதராபாத்திலும் சென்னையிலும் வில்லனாகச் சம்பாதித்து, அதை எடுத்துவந்து அடிதடியே இல்லாத படங்களில் போடுகிறார். போட்ட இடத்திலாவது தன்னைக் கதாநாயகனாக வைத்துக்கொண்டாரா? இல்லை. ‘மொழி’யில் பிருத்விராஜின் நண்பர். கேலி பேசுவது, நண்பனுக்காக அலைவது, ஷீலாவுக்குப் பின்னால் சுற்றுவது, அவ்வளவுதான். காது கேளாத, வாய் பேசாத அர்ச்சனாவாக ஜோதிகா. மனசு 1984-லேயே நின்றுபோன பேராசிரியராக எம்.எஸ். பாஸ்கர். அந்தப் பேராசிரியர் உடைந்து அழும் காட்சியில் முதலாளி ஓரமாக நின்றுகொண்டு வேலைக்காரரை நடிக்க விட்டிருக்கிறார். கையில் காசும் இருந்து நடிப்பும் இருக்கிறவர்கள் இதைச் செய்வது எவ்வளவு கஷ்டம் என்று சினிமா பார்த்து வளர்ந்த யாருக்கும் தெரியும்.

எங்கள் ஊர் தீப்பெட்டி ஆபீஸ் அக்காமார் சனிக்கிழமை சம்பளம் வாங்கிவிட்டு நாலைந்து பேராக வந்து படம் எடுப்பார்கள். ஞாயிற்றுக்கிழமை யாராவது ஒருத்தர் வீட்டில் கூடிப் பார்ப்பார்கள். அவர்களில் ஒரு பெண்ணுக்குக் காது கேட்காது, பேச்சும் வராது. ‘மொழி’யைக் கொடுக்கும்போது நானே, "அந்தப் பிள்ளையைக் கட்டாயம் பார்க்கச் சொல்லுங்க" என்றேன். பெரிய மனுஷன் மாதிரி. திங்கட்கிழமை தட்டைக் கொண்டுவந்த அக்கா சிரித்துக்கொண்டே சொன்னார்: "ஜோதிகா கையால பேசுறது அவளுக்குப் புரியலையாம் அண்ணாச்சி. நம்ம பேசுற மாதிரி இல்லையேன்னு கேக்குறா." அந்தப் பெண் பள்ளிக்கூடம் போனதில்லை. அவளும் அவள் அம்மாவும் கூட வேலை பார்க்கிறவர்களுமாகச் சேர்ந்து உண்டாக்கிய சைகை அது. படத்தில் இருந்தது வேறு பாஷை. "அப்ப படம் பிடிக்கலையா?" என்றேன். "அந்தத் தடியன் வர்ற இடமெல்லாம் விழுந்து விழுந்து சிரிச்சா. மறுபடி கேக்குறா, தர்றீங்களா?" தடியன் என்றது பிரகாஷ்ராஜை.

அன்றைக்கு அந்தத் தட்டுக்கு வாடகை வாங்கவில்லை. என் காசா போகிறது!

2008-ல் ‘வெள்ளித்திரை’. வசனகர்த்தா விஜி இயக்கியது, மலையாள ‘உதயநாணு தாரம்’ படத்தின் தமிழ். உதவி இயக்குநர் ஒருவன் உயிரைக் கொடுத்து எழுதிய கதையை அவன் நண்பனான துணை நடிகன் திருடிக்கொண்டுபோய்ப் பெரிய ஸ்டாராகிவிடுகிறான். அந்தத் திருடன் வேடம் பிரகாஷ்ராஜுக்கு. படம் வந்த இரண்டாவது வாரம், கடையை மூடியபிறகு இரவில் தனியாக டிவியில் போட்டுப் பார்த்தேன். தட்டு சரியாக ஓடுகிறதா என்று பார்ப்பது என் வழக்கம். நண்பனின் கதையைச் சுட்டவன் மாலை மரியாதையோடு வந்து இறங்கும்போது எனக்குச் சிரிப்பு வந்தது. கொஞ்ச நேரத்தில் சிரிப்பு நின்றுவிட்டது. திருட்டைப் பற்றி ஒருவர் சொந்தக் காசில் படம் எடுத்திருக்கிறார், அதை நான் திருட்டுத் தட்டில் பார்த்துக்கொண்டிருக்கிறேன். மறுநாள் காலையில் கடையைத் திறந்து அதே தட்டைப் பத்து ரூபாய்க்கு விட்டேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன். ஞானோதயம் என்றெல்லாம் எதுவும் வரவில்லை. கடை வாடகை கட்ட வேண்டியிருந்தது.

அந்த வருஷ டிசம்பரில் ‘அபியும் நானும்’. அப்போது மகளுக்கு மூன்றரை வயது. பெண் பிள்ளை வளர வளர அப்பன் சின்னப் பிள்ளையாகிற கதை. பள்ளிக்கூட அட்மிஷனுக்கு அந்த அப்பா படும் பாட்டையெல்லாம் அடுத்த ஜூனில் நானும் பட்டேன். பார்க்கில் எவரோ ஒருவரைப் பிடித்து உட்காரவைத்து மகள் கதையைச் சொல்லும் அந்த ரகுராமனை என் மனைவி இன்றும் எனக்குப் பட்டப்பெயராக வைத்திருக்கிறாள். அந்தப் படத்தை மட்டும் குடும்பத்தோடு தியேட்டருக்குப் போய்ப் பார்த்தோம். எப்படியோ தோன்றியது, போனோம்.

‘காஞ்சிவரம்’ இவர் தயாரிப்பு இல்லை, பிரியதர்ஷன் படம். மகளைப் பட்டுச்சேலையில் கட்டிக்கொடுப்பேன் என்று வாக்குக் கொடுத்த நெசவாளி, அன்றாடம் கொஞ்சம் கொஞ்சமாகப் பட்டு நூலை வாயில் அடக்கித் திருடிக்கொண்டு வருகிறான். 2007-க்கான சிறந்த நடிகர் தேசிய விருது அதற்குத்தான். ‘கில்லி’யில் வாய் ஓயாமல் பேசுகிறவர் இதில் வாயை மூடிக்கொண்டு நடக்கிறார். நூல் உள்ளே இருக்கிறது, வாயைத் திறந்தால் மாட்டிக்கொள்வார். தறிக்கூடத்து வாசலைத் தாண்டும்வரை நமக்கும் மூச்சு முட்டும். தயாரிப்பாளராகவும் அவருக்கு ஒரு தேசிய விருது உண்டு, கன்னடத்தில் எடுத்த ‘புட்டக்கன ஹைவே’க்கு.

எல்லாவற்றையும் புகழ்ந்துகொண்டே போகவும் மனசு வரவில்லை. ‘சிங்கம்’ வந்த சமயத்திலிருந்து நாலைந்து வருஷம் ஒரே வில்லனையே வேறு வேறு சட்டையில் பார்த்த மாதிரி இருந்தது. அதே உறுமல், அதே தோல்வி. தமிழிலும் தெலுங்கிலும் இந்தியிலும் அதே. கூப்பிட்டார்கள், போனார். 2019-ல் பெங்களூர் மத்தியத் தொகுதியில் சுயேச்சையாக நின்று தோற்றார். அது வேறு கதை.

2010-ல் கடையை மூடினேன். செல்போன் மெமரி கார்டில் படம் ஏற்றித் தரச் சொல்லிப் பையன்கள் வர ஆரம்பித்தார்கள். எனக்கு அது தெரியாது, தெரிந்தவன் பக்கத்திலேயே கடை போட்டான். திருடனுக்குத் திருடன் வருவான். இப்போது அதே இடத்தில் ஜெராக்ஸ், ரீசார்ஜ்.

2012-ல் அவரே இயக்கி, தயாரித்து, நடித்த ‘தோனி’ வந்தபோது காசு கொடுத்து முதல் நாளே போய் உட்கார்ந்தேன். கணக்கு வராத, கிரிக்கெட் மட்டுமே வருகிற பையன்; ஊறுகாய் போட்டு விற்றுப் பையனைப் படிக்கவைக்கிற தகப்பன். முப்பது பேர்தான் இருந்தோம். இரண்டாம் பாதியில் கொஞ்சம் பிரசங்கம் ஏறிவிட்டது. ஆனால் ஆத்திரத்தில் பிள்ளையை அடித்துவிட்டு, அந்த அடியின் பலனைப் பார்த்து அந்த மனிதர் நிற்கிற இடம் ஒன்று இருக்கிறது. அங்கே இளையராஜாவும் வந்து பக்கத்தில் நிற்கிறார். அந்த ஒரு இடத்துக்கு நான் கொடுத்த காசு சரியாகப் போயிற்று.

‘கில்லி’ பார்த்துவிட்டு வந்த அடுத்த விடுமுறையில் மகள் பரணில் ஏறி நோட்டுகளை இறக்கிவிட்டாள். ‘கில்லி’யைத் தேடப்போனவள் நடுவில் ‘மொழி’யைப் பார்த்துவிட்டு எண்ண ஆரம்பித்தாள். ஒரு மணி நேரம் விரலை வைத்து எண்ணினாள். 2007-லிருந்து கடை மூடும்வரை 214 தடவை.

"214 பத்து, 2,140 ரூபாய். இதுல பிரகாஷ்ராஜுக்கு எவ்வளவுப்பா போச்சு?"

"ஒண்ணும் போகலை."

"மத்த படத்தையும் கூட்டவா?"

"தட்டு வாங்குன செலவைக் கழிச்சுட்டுக் கூட்டு" என்றேன். வியாபாரி புத்தி.

"எதைப்பா கழிக்க? அதுவும் திருட்டுத் தட்டுதானே?"

நோட்டைப் பரணிலேயே வைத்துவிடச் சொன்னேன். வைக்கவில்லை. இப்போது அது மதுரையில் அவள் ஹாஸ்டலில் இருக்கிறது. போன வாரம் போன் செய்தபோது ‘அழகிய தீயே’ வரைக்கும் எண்ணிவிட்டதாகச் சொன்னாள்.